தட்டிப் பார்த்து ஒட்டுங்கள்

செஞ்சியின் பழைய மைக்கா மேடைகள் டைல்ஸுக்கு மாறுகின்றன. பளபளப்பு இரண்டே நாளில் வந்துவிடும். அது எத்தனை வருடம் தாங்கும் என்பதை அடியில் இருப்பதுதான் தீர்மானிக்கிறது.

செஞ்சியில் கல்லுக்குப் பஞ்சமில்லை. கூட்டுரோட்டில் இறங்கித் திருவண்ணாமலை சாலையில் நடந்தால் ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி என்று மூன்று குன்றுகளும் அவற்றை வளைத்த மதிலும் கண்ணை நிறைக்கும். மராட்டிய ராணுவ நிலப்பரப்புகள் என்ற பெயரில் 12 கோட்டைகளை யுனெஸ்கோ 2025 ஜூலை 11 அன்று உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. அவற்றில் மகாராஷ்டிரத்துக்கு வெளியே இருப்பது செஞ்சி ஒன்றுதான். அதற்குப் பிறகு இந்த ஊரைப் பற்றி வரும் எழுத்தெல்லாம் மலையேறிவிட்டுத் திரும்பிவிடுகிறது. அடிவாரத்து வீடுகளில் ஒவ்வொரு நாளும் பல மணி நேரம் நின்று வேலை செய்கிற பெண்களுக்கு முன்னால் இருக்கும் கல்லைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. இந்தக் கட்டுரை அந்தக் கல்லைப் பற்றியது.

பஜாரை ஒட்டிய தெரு ஒன்றில் ஒரு சமையலறை. ‘ட’ வடிவ மேடை, நீண்ட பக்கம் பத்தடி, அகலம் இரண்டடி. பிளைவுட் பெட்டி அடித்து, மேலே மரக்கலர் மைக்கா ஒட்டியது. நடுவில் நின்று பார்த்தால் குறை எதுவும் தெரியாது. சிங்க் பக்கம் போனால்தான் விஷயம் புரியும். குழாய்க்கு அடியில் மைக்காவின் விளிம்பு நகம் நுழைகிற அளவுக்குத் தூக்கி நிற்கிறது. விரலால் அழுத்தினால் உள்ளே போய், விட்டால் மேலே வருகிறது. அழுத்திய இடத்தில் பழுப்புநிறத் தண்ணீர் மெல்லக் கசிகிறது. அடுப்புக்குப் பக்கத்தில் தோசைக்கல்லை இறக்கி வைத்த வட்டத் தழும்பு. மேடை ஓரத்தில் தேங்காய்த் துருவியை முடுக்கிய இடத்தில் கீறல். கீழே கதவைத் திறந்தால் ஊறிய மரத்தின் வாடை.

வீட்டுக்காரர்களின் விருப்பம் எளிமையானது. பெட்டியைக் கழற்ற வேண்டாம், குழாயைப் பிரிக்க வேண்டாம், மைக்கா மேலேயே டைல்ஸ் ஒட்டிவிட்டால் போதும். டைல்ஸ் மேஸ்திரி பதில் சொல்வதற்கு முன் கரணையைத் திருப்பிப் பிடித்து, அதன் மரக்கைப்பிடியால் மேடையை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை தட்டிக்கொண்டே போனார். முதல் ஆறடிக்குக் கெட்டியான ஓசை. சிங்க் நெருங்க நெருங்க ஓசை பொக்கானது. அந்த இடத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டார். கோட்டுக்கு இந்தப் பக்கம் ஒட்டலாம், அந்தப் பக்கம் பலகையையே அறுத்து மாற்றினால்தான் உண்டு என்றார். ஒட்டலாமா கூடாதா என்ற கேள்விக்கு இதைவிடச் சரியான பதில் கிடையாது. டைல்ஸ் கடையில் எத்தனை வகை பசை விற்றாலும் முதல் கருவி இந்தக் கைப்பிடிதான்.

மைக்கா மேடை செஞ்சி மாதிரியான ஊருக்கு எப்படி வந்தது என்பதையும் பார்க்க வேண்டும். நின்றுகொண்டு சமைப்பதே இங்கே பல வீடுகளுக்கு ஒரு தலைமுறைப் பழக்கம்தான். மண்ணடுப்பும் விறகும் இருந்தவரை சமையல் தரையில் நடந்தது. அம்மியும் ஆட்டுக்கல்லும் தரையில் கிடந்தன. 2006-ல் அமைந்த திமுக அரசு இலவச எரிவாயு அடுப்பு கொடுத்தது. 2011-ல் வந்த அதிமுக அரசு மிக்சியும் கிரைண்டரும் மின்விசிறியும் கொடுத்தது. 2016-ல் மத்திய அரசின் உஜ்வாலா எரிவாயு இணைப்புகள் வந்தன. சிலிண்டர் அடுப்பு உயரத்தில் இருக்க வேண்டும். மிக்சிக்கு ஸ்விட்ச் பக்கத்தில் இடம் வேண்டும். அப்படித்தான் ஓட்டு வீட்டுக்குள்ளும் ஒரு மேடை முளைத்தது. பெரும்பாலோர் செங்கல் கால் வைத்துக் கடப்பாக் கல் போட்டார்கள். கையில் காசு இருந்தவர்கள் கிரானைட் போட்டார்கள். அதற்குப் பிறகு ‘மாடுலர் கிச்சன்’ என்ற சொல் ஊருக்குள் வந்தது. கதவுக்கும் டிராயருக்கும் ஒட்டிய அதே மைக்காவைச் சில ஆசாரிகள் மேடை மேலும் ஒட்டிக் கொடுத்தார்கள். ஒரே நாளில் வேலை முடிந்தது, நிறமும் கதவோடு பொருந்தியது. வாடகை வீடு, கடைக்குப் பின்னால் உள்ள சிறு அடுப்படி, அலுவலகத்தில் டீ போடும் மூலை என்று இது அதிகம் போனது இப்படிப்பட்ட இடங்களுக்குத்தான்.

மைக்கா என்று நாம் அழைப்பது காகிதம். பழுப்புக் காகித அடுக்குகளை ஃபீனாலிக் பிசினில் தோய்த்து, மேலே படம் அச்சிட்ட தாளை மெலமின் பிசினில் தோய்த்து, சூட்டிலும் அழுத்தத்திலும் ஒரே தகடாக இறுக்குகிறார்கள். எட்டுக்கு நான்கு அடித் தகடு, கனம் பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டர். அமெரிக்காவின் சின்சினாட்டியில் 1913-ல் ஃபார்மிகா நிறுவனம் தொடங்கியபோது இந்தத் தகடு மின்கருவிகளுக்குள் காப்புப் பொருளாகத்தான் பயன்பட்டது. சமையலறைக்கு அது வந்தது பிறகு. மேலைநாட்டு அடுப்படியில் ஈரத்துணியால் துடைத்தால் வேலை முடிந்துவிடும் என்பதால் அங்கே அது நன்றாகவே உழைத்தது. டொராண்டோவிலும் லண்டனிலும் வாடகை அடுக்ககங்களில் இருக்கும் நம்மவர்கள் பலருக்கு இன்றும் சமையலறை மேடை என்றால் லேமினேட்தான். அங்கே அதன் மேல் டைல்ஸ் ஒட்டுவது வீட்டுக்காரரே சனி, ஞாயிறில் செய்து முடிக்கும் வேலை.

நம் அடுப்படியில் மேடை துடைக்கப்படுவதில்லை, கழுவப்படுகிறது. மாவு வழிந்தால் ஒரு செம்பு தண்ணீர் ஊற்றித் தள்ளுகிறோம். மீன் கழுவிய நாளில் இரண்டு செம்பு. மேல்தகடு தண்ணீரைக் குடிக்காது. ஆனால் அதன் விளிம்பும், சிங்குக்காக வெட்டிய இடத்தில் தெரியும் வெறும் மரமும் குடிக்கும். மேடை மேலிருந்து கெடுவதில்லை. ஓட்டையிலிருந்து கெட்டு வெளியே வருகிறது.

இதனால்தான் டைல்ஸ் ஒட்டுவதற்கு முன் பலகை என்ன இனம் என்று தெரிய வேண்டும். சிங்க் ஓட்டைக்குள் டார்ச் அடித்துப் பார்த்தால் வெட்டுமுகம் தெரியும். மெல்லிய மர அடுக்குகள் தெரிந்தால் பிளைவுட். மரத்தூளை அப்பியது போல இருந்தால் பார்ட்டிகிள் போர்டு. அட்டை போல வழவழவென்று ஒரே நிறமாக இருந்தால் எம்.டி.எஃப். பின்னிரண்டின் மேலும் எதையும் ஒட்ட வேண்டாம், எடுத்துவிடுங்கள். ஒருமுறை ஈரம் ஏறி உப்பிய பார்ட்டிகிள் போர்டு மறுபடி பழைய கனத்துக்குத் திரும்பாது. அதன் மேல் எவ்வளவு விலையுள்ள டைல்ஸ் போட்டாலும் பணம் வீண். பிளைவுட்டிலும் வித்தியாசம் உண்டு. ஐ.எஸ். 710 முத்திரை இருந்தால் கொதிநீருக்கும் தாங்கும் மெரைன் வகை. ஐ.எஸ். 303 முத்திரையில் எம்.ஆர். என்று போட்டிருந்தால் அது காற்றின் ஈரத்துக்கு மட்டுமே; தண்ணீர் நிற்கிற இடத்துக்கு அல்ல. முத்திரை பலகையின் முகத்தில் இருக்கும். மைக்கா ஒட்டிவிட்டால் மேல்பக்கம் மறைந்துவிடும், பெட்டிக்குள் குனிந்து அடிப்பக்கத்தில் தேட வேண்டும்.

அடுத்தது ஆட்டம். டைல்ஸ் வளையாது, உடையும். மரம் வளையும். இரண்டையும் சேர்த்து ஒட்டும்போது மரத்தின் வளைவை முன்கூட்டியே நிறுத்தியாக வேண்டும். தரைக்கு டைல்ஸ் போடுகிறவர்கள் உலகெங்கும் வைத்திருக்கும் கணக்கு, தாங்கலுக்கும் தாங்கலுக்கும் இடையே உள்ள நீளத்தில் 360-ல் ஒரு பங்குக்கு மேல் பலகை தொய்யக் கூடாது என்பது. நான்கடி இடைவெளி என்றால் மூன்றேகால் மில்லிமீட்டர் சொச்சம். அளக்கக் கருவி தேவையில்லை. மட்டக்கோலை மேடையில் வைத்து, நடுவில் இரண்டு கையையும் ஊன்றி உடம்பின் பாரத்தைக் கொடுங்கள். கோலுக்கும் மேடைக்கும் நடுவே வெளிச்சம் தெரிந்தால் அடியில் இன்னொரு தாங்கல் வேண்டும். இரண்டடிக்கு ஒரு குறுக்குப் பலகை இருந்தால் பெரும்பாலும் போதும். மேடை மேல் டேபிள்டாப் கிரைண்டர் ஓடுகிற வீடு என்றால் கிரைண்டருக்கு நேர் கீழே கட்டாயம் ஒன்று கொடுங்கள். அரை மணி நேரம் ஓடும் அதிர்வு எந்த ஒட்டையும் தளர்த்தும்.

பாரத்தைப் பற்றி ஊரில் இருக்கும் பயம் கொஞ்சம் அதிகம் என்றே எனக்குத் தோன்றுகிறது. பத்தடி நீளம், இரண்டடி அகல மேடைக்கு 9 மில்லிமீட்டர் விட்ரிஃபைடு டைல்ஸும் பசையும் சேர்ந்து 45 முதல் 50 கிலோ வரும். அதே மேடைக்கு 18 மில்லிமீட்டர் கிரானைட் என்றால் ஏறக்குறைய 90 கிலோ. ஒழுங்காகக் கட்டிய பெட்டி டைல்ஸைத் தாங்கும். தாங்காத பெட்டி மைக்காவோடும் நெடுநாள் நிற்கப்போவதில்லை.

இனி ஒட்டும் விஷயம். சிமெண்ட் ஒரு பரப்பில் பிடிக்கிறது என்றால், அதன் பால் அந்தப் பரப்பின் நுண்துளைகளுக்குள் இறங்கி, அங்கேயே படிகமாக இறுகி, வேர் பிடித்துக்கொள்கிறது. செங்கல் குடிக்கிறது, அதனால் பிடிக்கிறது. மைக்கா குடிக்காது. அதன் மேல் சிமெண்ட் பால் ஊற்றி டைல்ஸை வைத்தால் காய்ந்த மறுநாள் கல் போலத்தான் இருக்கும். சில மாதம் கழித்து ஒரு டைல்ஸ் ஓரத்தில் கரணையைக் கொடுத்து நெம்பினால் அடியில் சிமெண்ட் முழுசாக, வழவழவென்று, மைக்காவின் மரக்கோடுகூடப் பதிந்து வரும். ஒரு துளிகூட ஒட்டியிருக்காது. ஓரத்தில் உள்ள சுவரும் தன் பாரமும்தான் அதுவரை அதைப் பிடித்து வைத்திருக்கும். ‘நல்லா ஒட்டுங்க மேஸ்திரி, கூட ஒரு மூட்டை சிமெண்ட் ஆனாலும் பரவாயில்லை’ என்று சொல்லும் வீடுகளுக்கு இது தெரிய வேண்டும். சிமெண்டைக் கூட்டுவதால் இந்தக் குறை தீராது.

செஞ்சியில் இதற்குப் பாடம் வெளியில் தேட வேண்டியதில்லை. கோட்டைக்குள் நிற்கும் கல்யாண மகாலும் நெற்களஞ்சியங்களும் சுண்ணாம்புச் சாந்தின் கட்டுமானங்கள். பழைய சுண்ணாம்புப் பூச்சு உதிர்ந்த இடத்தில் சிமெண்ட் பூசினால், சுவருக்குள் இருக்கும் ஈரம் வெளியேற வழியில்லாமல் பூச்சையே தள்ளிக்கொண்டு விழும். அதனால் பழங்கட்டடங்களைப் பழுது பார்ப்பவர்கள் தளர்ந்த பூச்சை முதலில் முழுக்கத் தட்டி எடுத்துவிட்டு, மறுபடி சுண்ணாம்பையே பூசுகிறார்கள். மேலே வருவது கீழே இருப்பதோடு சேர்ந்து விரிய வேண்டும், சேர்ந்து சுருங்க வேண்டும். மைக்கா மேடையிலும் இதே நியாயம்தான். ஐப்பசி, கார்த்திகை மழையில் பிளைவுட் கொஞ்சம் விரியும். சித்திரையில் சுருங்கும். டைல்ஸ் அசையாது. நடுவில் இருக்கும் பசை இரண்டு பேருக்கும் இணங்கிப் போகிற மாதிரி நெகிழ்வு உள்ளதாக இருக்க வேண்டும். செஞ்சிக்கும் விழுப்புரத்துக்கும் இடையே மண்டகப்பட்டில் 7-ம் நூற்றாண்டில் மகேந்திரவர்மப் பல்லவன் குடைவித்த கோயிலில், செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு எதுவும் இல்லாமல் அதை எடுப்பித்ததாகக் கல்வெட்டு இருக்கிறது. ஒரே பாறையில் ஒட்டே கிடையாது, அதனால் விட்டுப்போக ஏதுமில்லை. நம் மேடையோ மரம், காகிதம், பிசின், பசை, சுட்ட மண் என்று ஐந்து பொருள் அடுக்கியது. ஐந்துக்கும் நடுவே நான்கு ஒட்டு. ஒவ்வொரு ஒட்டையும் தனித்தனியாகக் கவனித்தாக வேண்டும்.

செய்முறைக்கு வருவோம். மைக்கா முழுக்கக் கெட்டியாக ஒட்டியிருந்து, பலகையும் நல்லதாக இருந்தால் நேரடியாக ஒட்டலாம். முதலில் எண்ணெய்ப் பிசுக்கை எடுக்க வேண்டும். அடுப்படியில் பல வருட தாளிப்புப் புகை கண்ணுக்குத் தெரியாத ஒரு படலமாக மேடையில் உட்கார்ந்திருக்கும். பாத்திரம் கழுவும் சோப்பும் வெந்நீரும் போட்டு இரண்டு முறை தேய்த்து, வெறுந்தண்ணீரால் கழுவி, உலர விட வேண்டும். பிறகு 60 அல்லது 80 நம்பர் உப்புத்தாளால் பளபளப்பு முழுக்கச் சாகும்வரை தேய்க்க வேண்டும். கையால் தேய்த்தால் தோள் விட்டுப்போகும், சாண்டர் மெஷின் வாடகைக்குக் கிடைத்தால் எடுங்கள். முதலில் தேய்த்துவிட்டுப் பிறகு கழுவுவது தவறு. எண்ணெய் கீறலுக்குள் இறங்கிவிடும். தூசியைத் துடைத்தபின், துளையில்லாத பரப்புக்கு என்றே விற்கும் பிரைமர் ஒரு கை. அதற்கு மேல் பாலிமர் கலந்த டைல்ஸ் பசை, அல்லது எபாக்ஸிப் பசை.

பசை மூட்டையைப் படித்து வாங்குவது முக்கியம். இந்தியாவில் டைல்ஸ் பசைக்கான தரக்குறியீடு ஐ.எஸ். 15477. அதில் டைப் 1 முதல் டைப் 5 வரை ஐந்து வகை உண்டு. கடைக்காரர் முதலில் எடுத்துக் கொடுப்பது பெரும்பாலும் தரைக்கும் சுவருக்கும் ஆன மலிவு வகை. மூட்டையின் பின்பக்கத்தில் எந்தெந்தப் பரப்புக்கு ஏற்றது என்று அச்சிட்டிருப்பார்கள். பிளைவுட் அல்லது மரம் என்ற சொல் அங்கே இல்லையென்றால் அந்த மூட்டை இந்த வேலைக்கு ஆகாது. பசையைப் பல்கரணையால் ஒரே திசையில் இழுக்க வேண்டும். டைல்ஸின் முதுகிலும் மெல்லியதாக ஒரு பூச்சு கொடுத்து, வரிகளுக்குக் குறுக்காக ஆட்டி அழுத்த வேண்டும். முதல் டைல்ஸை வைத்தவுடன் ஒருமுறை பெயர்த்துத் திருப்பிப் பார்க்கச் சொல்லுங்கள். முதுகு முழுக்கப் பசை படிந்திருந்தால் சரி. நடுவில் ஐந்து உருண்டை வைத்து ஒட்டும் பழைய பழக்கம் சுவருக்கே நல்லதல்ல. மேடையில் அந்த உருண்டைகளுக்கு நடுவே உள்ள வெற்றிடத்தில் பருப்பு டப்பா விழுந்தாலும் டைல்ஸ் விரிசல் விட்டுவிடும்.

என்னைக் கேட்டால், தண்ணீர் அதிகம் புழங்கும் நம் மேடைக்கு இன்னொரு வழி மேலானது. மைக்கா மேல் 6 மில்லிமீட்டர் சிமெண்ட் ஃபைபர் போர்டு ஒன்றை வைத்து, அடியில் பசையும் கொடுத்து, அரையடிக்கு ஒரு துருப்பிடிக்காத ஸ்க்ரூ இறக்கி இறுக்கிவிடுவது. தேய்ப்பு வேலை குறைகிறது. டைல்ஸுக்குக் கிடைக்கும் பரப்பு சிமெண்ட் பரப்பு, அது குடிக்கும், பிடிக்கும். கொத்தனார்களுக்கும் பழகிய பொருள். போர்டு சந்திக்கும் இடத்தில் வலைநாடா ஒட்டிப் பசையால் நிரப்ப வேண்டும். செலவு சற்றுக் கூடும், மேடை கால் அங்குலம் உயரும். அந்த உயரத்தைப் பற்றிப் பின்னால் பேச வேண்டியிருக்கிறது.

சிங்க் இருக்கும் இடத்தில் அவசரம் கூடாது. மேலே உட்கார்ந்திருக்கும் சிங்கைக் கழற்றாமல் அதைச் சுற்றி டைல்ஸ் வெட்டி ஒட்டுவது பார்க்கச் சுலபம். ஆனால் அப்படிச் செய்தால் சிங்க் விளிம்பு பள்ளத்தில் போய், சுற்றிலும் தண்ணீர் தேங்கும் வாய்க்கால் ஒன்று உருவாகும். முன்பு கெட்டது போலவே மறுபடி கெடும். சிங்கைத் தூக்கி, வெட்டிய மரத்தின் முகத்துக்கு எபாக்ஸி இரண்டு கை கொடுத்து, டைல்ஸ் போட்ட பிறகு அதன் மேல் சிங்கை உட்கார வைத்து, விளிம்புக்கு அடியில் சிலிக்கான் கொடுக்க வேண்டும். மேடையும் சுவரும் சந்திக்கும் மூலையிலும் சிலிக்கான்தான். அங்கே இடுக்கு நிரப்பும் கிரவுட் போட்டால் மேடை ஒரு திசையிலும் சுவர் ஒரு திசையிலும் இழுத்து முதல் வருடமே முடிபோல விரிசல் விடும்.

டைல்ஸ் தேர்வில் கண்ணுக்குப் பிடித்ததைவிட இடுக்கு குறைவாக வருவதைப் பாருங்கள். 600 மில்லிமீட்டர் சதுர விட்ரிஃபைடு டைல்ஸ் இரண்டடி மேடையின் அகலத்தை ஒரே கல்லில் மூடும். பத்தடிக்கு நான்கைந்து இடுக்கோடு முடிந்துவிடும். அதன் ஈர உறிஞ்சல் அரை சதவீதத்துக்கும் கீழே. சுவருக்கு ஒட்டும் சாதா செராமிக் டைல்ஸ் பத்து சதவீதத்துக்கு மேல் உறிஞ்சும். மேல் மெருகும் மெல்லியது. மீந்த சுவர் டைல்ஸை மேடைக்குப் போட்டுவிடலாம் என்ற எண்ணம் பல வீடுகளில் வருகிறது, வேண்டாம். காரைக்குடிப் பக்கத்து ஆத்தங்குடிக் கல் அழகுதான், ஆனால் அது சிமெண்ட் கல். எண்ணெயையும் மஞ்சளையும் குடித்துவிடும், தரையில்தான் அதற்கு மரியாதை.

இடுக்கை நிரப்பும் கிரவுட்டுக்குச் சிமெண்ட் வகை, எபாக்ஸி வகை இரண்டும் உண்டு. எபாக்ஸி பல மடங்கு விலை, போடவும் கை பழகியிருக்க வேண்டும், சீக்கிரம் இறுகிவிடும். இருந்தாலும் மேடைக்கு அதுதான். சிமெண்ட் கிரவுட்டில் மஞ்சள் ஏறினால் இறங்காது. புளித்தண்ணீரும் எலுமிச்சையும் சிமெண்டை அரிக்கும். கறை போக ஆசிட் ஊற்றித் தேய்க்கும் வழக்கம் இங்கே அதிகம். ஒவ்வொரு ஆசிட் கழுவலிலும் இடுக்கு கொஞ்சம் கரைகிறது, கரைந்த வழியாக அடியில் தண்ணீர் போகிறது. நான்கைந்து இடுக்குக்கு எபாக்ஸி வாங்கப் பெரிய தொகை ஆகாது. டைல்ஸில் மிச்சம் பிடித்தாவது இங்கே செலவழியுங்கள்.

செஞ்சி வீடுகளில் மைக்காவைவிடக் கடப்பா மேடைகளே அதிகம் என்பதால் அதற்கும் ஒரு சொல். கடப்பாக் கல் சுண்ணாம்புக்கல் இனம். அதனால்தான் எலுமிச்சைத் தோலை வைத்த இடத்தில் வெளுத்துப்போகிறது. ஆனால் கெட்டியாக இருக்கும் கடப்பா மேல் டைல்ஸ் போடுவது மைக்கா மேல் போடுவதைவிட நம்பகமானது, அது ஊறாது, உப்பாது. மழமழப்பு போகக் கொத்துப் போட்டு, பசையால் ஒட்ட வேண்டும். கலவை போட்டுப் பதிக்கிறேன் என்று ஓர் அங்குலக் கலவையைக் கொட்டவிடாதீர்கள்.

காரணம் உயரம். இந்த வேலையில் யாரும் பேசாத விஷயம் இதுதான். ஐந்தடி உயரமுள்ள பெண்ணுக்கு நின்றநிலையில் முழங்கை தரையிலிருந்து ஏறக்குறைய 38 அங்குலத்தில் இருக்கும். நறுக்கவும் பிசையவும் வசதியான மேடை முழங்கைக்கு நான்கு முதல் ஆறு அங்குலம் கீழே, அதாவது 32 முதல் 34 அங்குலம். மேடை ஏற்கெனவே 34-ல் இருக்கிறது என்று வையுங்கள். நேரடியாக ஒட்டினால் அரை அங்குலம் ஏறும். போர்டு வைத்தால் முக்கால். கலவை போட்டால் ஒன்றரை வரை. அதன் மேல் அடுப்பின் உயரம் ஐந்தாறு அங்குலம், அதன் மேல் குழம்புச் சட்டி. கரண்டி பிடிக்கும் கை தோளுக்குப் பக்கத்தில் போய்விடும். மாலையில் தோள்பட்டை வலிக்கிறது என்று தைலம் தேய்த்துக்கொள்ளும் எத்தனையோ பேருக்கு வலி மேடையிலிருந்து வருகிறது. அளவெடுக்க வரும் மேஸ்திரி டேப்பை மேடையில் மட்டும் பிடித்துவிட்டுப் போகிறார், வீட்டு ஆண்கள் நிறம் தேர்ந்தெடுக்கிறார்கள். அங்கே நிற்கப்போகிறவரை நிற்கவைத்து அளக்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றுவதில்லை. ஏற்கெனவே உயரமான மேடை என்றால் மைக்காவையும் பலகையையும் எடுத்துவிட்டுப் புதிதாகப் போடுவதே நியாயம், செலவு கூடினாலும். அரசின் கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் கட்டப்படும் 360 சதுர அடி வீடுகளிலும் இதே யோசனை வேண்டும். கட்டும்போதே ஓர் அங்குலம் குறைத்துவிட்டால், பிற்காலத்தில் மேலே ஒன்று ஒட்ட இடம் இருக்கும்.

டைல்ஸ் வெட்டும்போது எழும் தூசியும் வேலை கொடுக்கும் வீட்டின் பொறுப்புதான். விட்ரிஃபைடு டைல்ஸை உலர்வாக வெட்டும்போது எழும் வெள்ளைப் புகையில் சிலிக்கா இருக்கிறது. வருடக்கணக்காகச் சுவாசித்தால் நுரையீரல் தழும்பேறி இறுகும் சிலிக்கோசிஸ் வரும், வந்தால் குணமில்லை. மேடைகளுக்காகச் செயற்கைக் குவார்ட்ஸ் பலகை வெட்டிய தொழிலாளர்கள் இந்த நோயில் விழுந்ததால் ஆஸ்திரேலியா அந்தப் பலகையையே 2024 ஜூலை 1 முதல் தடை செய்தது. இங்கே கட்டர் பிடிக்கிற பையன் துண்டை மூக்கில் கட்டிக்கொண்டு வெட்டுகிறான், பக்கத்தில் சித்தாள் எந்தத் துணியும் இல்லாமல் நிற்கிறார். வெட்டும் இடத்தில் தண்ணீர் சொட்டவிட்டால் தூசி பெரும்பகுதி அடங்கிவிடும். வெட்டு வேலை அடுப்படிக்குள் வேண்டாம், வாசலில் நடக்கட்டும். முறையான முகக்கவசம் இரண்டு வாங்கிக் கொடுப்பது ஒரு டைல்ஸ் பெட்டியின் விலைகூட ஆகாது. கேட்டால் மேஸ்திரிகள் மறுப்பதில்லை, கேட்பவர்கள்தான் குறைவு.

கோட்டை மதிலை ஒட்டி வீடு உள்ளவர்களுக்கு மட்டும் ஒரு குறிப்பு. பாதுகாக்கப்பட்ட சின்னத்திலிருந்து 100 மீட்டர் வரை தடை செய்யப்பட்ட பகுதி, அதற்கு மேல் 200 மீட்டர் ஒழுங்குபடுத்தப்பட்ட பகுதி என்று 2010-ல் திருத்தப்பட்ட சட்டம் சொல்கிறது. மேடைக்கு டைல்ஸ் ஒட்டும்போதே அடுப்படிச் சுவரையும் இடித்து நீட்டிவிடலாம் என்று நினைத்தால், முதலில் அனுமதி விவரத்தைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

வேலை நாளைத் தேர்ந்தெடுக்கும்போது நெல் அறுவடையும் விருந்தாளியும் இல்லாத வாரமாகப் பாருங்கள். ஒட்டிய பிறகு ஒரு முழு நாள் மேடை மேல் எதையும் வைக்கக் கூடாது, அதன் பிறகே கிரவுட். கிரவுட் போட்டு மூன்று நாளாவது தண்ணீர் படாமல் இருக்க வேண்டும். அதுவரை அடுப்பு திண்ணையிலோ பின்கட்டிலோ இருக்கட்டும். அடைமழைக் காலம் என்றால் இன்னும் இரண்டு நாள் கூட்டுங்கள். மேஸ்திரிக்குக் கடைசித் தவணை கொடுக்கும் முன், அவருடைய கரணையையே வாங்கி, கைப்பிடியால் மேடையை முழுக்க ஒருமுறை நீங்களே தட்டிப் பாருங்கள். பொக்காக ஒலிக்கும் டைல்ஸை அன்றைக்கே பெயர்த்து மாற்றச் சொல்லுங்கள். எபாக்ஸி முழுதாக இறுகிய பிறகு அதைப் பிரிக்க உளி வேண்டும்.